மிசிஸ் கிறூபரின் வழக்கும் குடைக்காரரும்

நீக்கிலாப்பிள்ளை அண்ணையும் நானும் பதினொரு வருடமாக ஒரே பஸ்ஸில் வேலைக்குப் போய் வருகிறோம். மல்வேர்னில் நான் ஏறும் தரிப்புக்கு அடுத்த தரிப்பில் அவர் ஏறுவார். "என்ன தங்கச்சி" என்பார். "இருக்கிறன் அண்ணை" என்பேன். அதோடு பேச்சு முடிந்துவிடும். காலை ஆறு மணிக்குப் பேசுமளவுக்கு எங்கள் உடம்பில் ஒன்றும் மிச்சமிருப்பதில்லை. இங்கே கனடாவில், ஸ்காபரோவில் ஒரு முதியோர் இல்லத்தில் அவருக்குத் துப்புரவு வேலை. எனக்குச் சமையலறையிலிருந்து சாப்பாட்டுத் தட்டுகளை அறை அறையாகக் கொண்டுபோகும் வேலை. யார் எவ்வளவு சாப்பிட்டார்கள் என்று தாளில் வீதக் கணக்கில் சுழி, இருபத்தைந்து, ஐம்பது, எழுபத்தைந்து, நூறு என்று எழுதுவதும் நான்தான். என் பெயர் யோகராணி. என்னைப் பற்றி இவ்வளவு போதும்.

அண்ணைக்கு அறுபத்தாறு வயது. மன்னார்ப் பக்கம், பேசாலை. முழங்கால் இரண்டும் போய்விட்டன. மாதா கோயிலில் எல்லோரும் முழந்தாளிடும்போது இவர் மட்டும் கதிரையில் குந்தியிருந்து நெற்றியைத் தடவுவார். போன நத்தாரோடு வேலையை விட்டுவிடுவதாக மகள் ஏஞ்சலாவுக்கு வாக்குக் கொடுத்திருந்தார். விடவில்லை. ஏன் விடவில்லை என்று ஏஞ்சலா என்னிடம் கேட்டபோது, உங்கள் அப்பா பொலிஸ் வேலையில் இருக்கிறார் என்று சொன்னேன். அவளுக்குச் சிரிப்பு வரவில்லை.

விசயம் இதுதான். அண்ணை எண்பத்தைந்தில் ஜெர்மனிக்குப் போனவர். ஒரு சின்ன ஊரில், கைவிட்ட பாடசாலைக் கட்டடத்தில் அகதி முகாம். அறைக்கு நாலு பேர். வேலை செய்யக்கூடாது, ஊரெல்லையைத் தாண்டக்கூடாது. சமைப்பது, படுப்பது, கடிதம் வந்ததா என்று பார்ப்பது, இவ்வளவுதான் வாழ்க்கை. காவலாளி குப்பையில் போட இருந்த ஒரு தொலைக்காட்சிப் பெட்டியைக் கேட்டு வாங்கி வைத்திருந்தார்கள். வெள்ளிக்கிழமைகளில் எட்டேகாலுக்கு அதில் ஒரு துப்பறியும் தொடர் போகும். தொடரின் பெயர் நீளமான ஜெர்மன் சொல். அண்ணை சொல்லிக் காட்டியிருக்கிறார், எனக்கு நாக்கு வளையவில்லை. அதில் வரும் இன்ஸ்பெக்டர் மழையோ வெயிலோ கையில் கறுப்புக் குடையோடுதான் வருவார். ஆகவே முகாமில் அவருக்குக் குடைக்காரர் என்று பெயர்.

அந்தத் தொடரில் யாரும் சுடமாட்டார்கள், ஓடமாட்டார்கள். மேசைக்கு இந்தப் பக்கம் குடைக்காரர், அந்தப் பக்கம் சந்தேக நபர், நடுவில் இரண்டு கோப்பை கோப்பி. கொலை இன்றைக்கு நடந்திருக்கும். காரணம் மட்டும் இரண்டாம் உலக யுத்தம் முடிந்த அந்தப் பஞ்ச வருடங்களில் எங்கேயாவது கிடக்கும். யாரோ யாரையோ காட்டிக்கொடுத்திருப்பார்கள், யாரோ யாருடைய பெயரையோ எடுத்துக்கொண்டிருப்பார்கள். நல்ல வீடும் பூந்தோட்டமுமாக வாழும் காலத்தில் அது எழும்பி வந்து கதவைத் தட்டும். நான் பார்த்திருந்தால் பத்து நிமிடத்தில் நித்திரையாகியிருப்பேன். ஆனால் அதில் ஆறுதலாக, நிறுத்தி நிறுத்திப் பேசுவார்கள், ஒரே கேள்வியைத் திரும்பத் திரும்பக் கேட்பார்கள். பாசை படிக்க அதுதான் அண்ணைக்குப் பள்ளிக்கூடம். படித்துவிட்டார். கடையில் உள்ளி வாங்க ஜெர்மன் தெரியாது. சந்தேக நபரைக் கதிரையில் இருத்தி, நேற்றிரவு எட்டுக்கும் பத்துக்கும் இடையில் எங்கே இருந்தீர்கள் என்று கேட்க நன்றாகத் தெரியும்.

இரண்டாம் வருடம் அகதி விசாரணைக்குக் கூப்பிட்டார்கள். அங்கேதான் மனிதர் மண்ணைக் கவ்வினார். தொடரில் அழுகிறவன் குற்றவாளி. நாள், மணி எல்லாம் சொல்லி நீளமாகக் கதைக்கிறவனும் குற்றவாளி. குற்றம் செய்யாதவன் நிமிர்ந்து உட்கார்ந்து ஓம், இல்லை என்று மட்டும் சொல்வான், குடைக்காரரும் அவனைப் பார்த்துத் தலையாட்டி, "நீங்கள் போகலாம்" என்பார். அண்ணை அதையே செய்தார். மொழிபெயர்ப்பாளரையும் வேண்டாமென்றார். ஊரில் ஆமிக்காரர் பிடித்தார்களா? ஓம். அடித்தார்களா? ஓம். எதனால்? கையால். அதிகாரி இருபது நிமிடத்தில் வழக்குக் கோப்பை மூடினார். அதே கிழமை விசாரணைக்குப் போன அறைக்கூட்டாளி ஒருவன் மேசையில் தலையை மோதி அழுதான், சட்டையைக் கழற்றித் தழும்பைக் காட்டினான். அவனுக்கு விசா கிடைத்தது. அண்ணைக்கு நிராகரிப்பு. மேன்முறையீடு செய்தார். அதற்குப் பிறகு ஐந்து வருடம், விசாரணை தொடர்கிறது என்று மட்டும் கடிதம் வந்துகொண்டிருந்தது. பொறுக்க ஏலாமல் தொண்ணூற்றிரண்டில் கனடாவுக்கு வந்தார். இதைக் கேட்டபோது எனக்கு அவர் மேல் வந்த கோபம் கொஞ்சமல்ல. தொலைக்காட்சியைப் பார்த்துச் சமைக்கப் பழகலாம், அகதி வழக்குப் பேசலாமா?

இனி மிசிஸ் கிறூபர். தொண்ணூறு வயது ஜெர்மன்காரி. ஐம்பதுகளில் கப்பலில் வந்து, இங்கே தையல் வேலை செய்து, மகனைப் படிப்பித்து, றிச்மண்ட் ஹில்லில் பெரிய வீட்டில் குடியேற்றிவிட்டு எங்கள் இல்லத்துக்கு வந்தவள். போன வருடம் ஐப்பசி, கார்த்திகையில் அவளுக்கு ஆங்கிலம் மறந்துபோனது. மகனுக்கு ஜெர்மன் தெரியாது. பிறகு அவள் சாப்பாட்டையும் விட்டாள். நான் வைக்கும் தட்டு தரைக்குப் போகும். தாளில் சுழி, சுழி, சுழி என்று எழுதினேன். பொறுப்புத் தாதி ஜூலி, இப்படியே போனால் ஆஸ்பத்திரிக்கு அனுப்பிக் குழாய் வைக்கவேண்டிவரும் என்றாள். இந்த வயதில் அப்படி அனுப்பிய யாரும் எங்கள் மாடிக்குத் திரும்பி வந்ததில்லை.

ஒருநாள் மதியம் தட்டு பறந்தது. சூப்பைத் துடைக்க அண்ணை வந்தார். கிழவி ஜெர்மனில் கத்திக்கொண்டிருந்தாள். அண்ணை வாசலில் நின்றார், வாளியைக் கீழே வைத்தார். முப்பத்துமூன்று வருடமாக வாயில் வராத பாசை. சுகமா என்று கேட்பதற்குத்தான் தேடினாராம், அது வரவில்லை. வெள்ளிக்கிழமை வெள்ளிக்கிழமையாகக் கேட்ட வசனம்தான் வந்தது. வணக்கம், குற்றப் புலனாய்வுப் பொலிஸ், உங்களிடம் சில கேள்விகள்.

கிழவி கத்துவதை நிறுத்தினாள். தலைமயிரை ஒதுக்கினாள். எழும்பி நின்று, கதிரையைக் காட்டி, அவரை இருக்கச் சொன்னாள். அண்ணை கதிரை நுனியில் இருந்தார். தொடரில் சந்தேக நபருக்கு முதலில் பாணும் கோப்பியும் கொடுப்பார்கள், ஆகவே, முதலில் சாப்பிடுங்கள், பிறகு பேசுவோம் என்றார். நான் ஓடிப்போய் வேறொரு தட்டுக் கொண்டுவந்து வைத்தேன். அவள் சாப்பிட்டாள். நான் தாளில் எழுபத்தைந்து என்று எழுதிவிட்டு, பிழையாக எழுதிவிட்டேனோ என்று திரும்பவும் பார்த்தேன்.

அன்றிலிருந்து அண்ணை பொலிஸ். மதியம் பன்னிரண்டரைக்கு அவருடைய சொந்த இடைவேளை அரைமணித்தியாலம் அந்த அறையில் போனது. யாரோ விட்டுப்போன சாம்பல் நிறக் கோட்டு ஒன்றை ஜூலி தேடிக் கொடுத்தாள், நீலச் சீருடைக்கு மேலே போட. கறுப்புக் குடை நான் கொடுத்தது. கோட்டும் குடையுமாக நடைபாதையில் நொண்டி நொண்டி அவர் வரும்போது நான் சலூட் அடிப்பேன். மகன் வந்து பார்த்துவிட்டு அண்ணையின் கையைப் பிடித்து நன்றி சொன்னான். எல்லோருக்கும் சந்தோசம். அண்ணைக்கு மட்டும் மதியச் சாப்பாடு இல்லாமல் போனது. பஸ்ஸில் அவர் தூங்கி விழ ஆரம்பித்தார், இரண்டு தரம் அவருடைய தரிப்பில் நான்தான் தட்டி எழுப்பினேன். நத்தாரும் போனது. வேலையை விட்டால் அவள் சாப்பிடமாட்டாளே என்றார்.

கிழவி என்ன சொல்கிறாள் என்று பஸ்ஸில் துண்டு துண்டாகச் சொல்வார். அவள் தன் வாக்குமூலத்தைத் தந்துகொண்டிருந்தாள். எழுதுங்கள், எழுதுங்கள் என்பாளாம். அண்ணை கழிவறை துப்புரவாக்கிய நேரம் எழுதும் தாளின் பின்பக்கத்தில் எழுதினார், தமிழில். மாசி மாதம் அது முடிவுக்கு வந்தது.

யுத்தம் முடிந்து இரண்டாவது குளிர்காலம். அவளுக்குப் பதினொரு வயது. பாதி இடிந்த வீட்டில் தாயும் அவளும் நாலு வயதுத் தம்பியும். தம்பிக்குக் காய்ச்சல். தாய் இடிபாடு அள்ளும் வேலைக்குப் போகும்போது ஒரேயொரு பாண் துண்டை இவளிடம் கொடுத்து, அவன் எழும்பினதும் கொடு என்று சொல்லிவிட்டுப் போனாள். தம்பி நெடுநேரம் தூங்கினான். இவள் அதைத் தின்றுவிட்டாள். எழும்பிப் பாண் கேட்டான். நீ முதலே சாப்பிட்டுவிட்டாய், காய்ச்சலில் மறந்துவிட்டாய் என்றாள். அவன் அதை நம்பினான். மூன்றாம் நாள் செத்துப்போனான்.

இதைச் சொல்லி முடித்ததும் அவள் தட்டைத் தள்ளிவிட்டாள். தீர்ப்புச் சொல்லும்வரை சாப்பிடமாட்டேன் என்றாளாம். எத்தனை வருடம் சிறை என்று கேட்டாளாம். அண்ணை தாள்களை எடுத்துக்கொண்டு எழும்பி வந்துவிட்டார். மறுநாளும் சுழி. அடுத்த நாளும் சுழி. நாலாம் நாள் ஜூலி சொன்னாள், திங்கட்கிழமைக்குள் சாப்பிடாவிட்டால் ஆஸ்பத்திரி. மகனும் வந்திருந்தான். இருவரும் அண்ணையைப் பிடித்துக்கொண்டு, வழக்கை முடிக்க வேண்டாம், முடித்தால் அவளுக்கு உங்களிடம் ஒரு தேவையும் இராது, பிறகு யாருக்காகச் சாப்பிடுவாள் என்றார்கள். விசாரணை தொடர்கிறது என்று மட்டும் சொல்லச் சொன்னார்கள். எனக்கும் அது சரியாகத்தான் பட்டது. வெள்ளி பின்னேரம் பஸ்ஸில் அதையே நானும் சொன்னேன்.

அண்ணை கண்ணை மூடிக்கொண்டிருந்தார். தூங்குகிறார் என்று நினைத்தேன்.

"ஐஞ்சு வருசம் எனக்கு அந்தக் கடிதம் வந்தது, தங்கச்சி. விசாரணை தொடருது, விசாரணை தொடருது எண்டு. அதை அந்த மனுசிக்கு நான் சொல்லமாட்டன்."

"அப்ப என்ன சொல்லப்போறியள்? விடுதலை எண்டோ?"

"அதுக்கு நான் ஆர்? பாவசங்கீர்த்தனம் கேக்க நான் சுவாமியே? கக்கூஸ் கழுவிறவன்." ஜன்னல் பக்கம் திரும்பினார். "எனக்கும் ஒரு தம்பி இருந்தவன். யோசப். கடற்கரையில ஆமி அவனை இழுத்துக்கொண்டு போகேக்க நான் மீன்வாடிக்குள்ள வலைக்குக் கீழ கிடந்தனான். அண்ணை, அண்ணை எண்டு கூப்பிட்டவன்."

பதினொரு வருடத்தில் அந்தப் பெயரை நான் கேட்டதில்லை. அதை ஜெர்மனியில் விசாரணையில் சொன்னீர்களா என்று கேட்டேன்.

"சொல்லேல்லை. செத்தவன்ர பேரை எடுத்தா குடைக்காரர் அடுத்ததா என்ன கேப்பார்? கடைசியா எப்ப கண்டனீங்கள் எண்டு கேப்பார். அதுக்கு நான் என்ன சொல்லுறது?"

அவருடைய தரிப்பு வந்தது. கம்பியைப் பிடித்து ஒவ்வொரு படியாக இறங்கினார். தொலைக்காட்சியைப் பார்த்து வழக்குப் பேசிய முட்டாள் என்று இத்தனை நாளும் நினைத்ததற்கு எனக்கு வெட்கமாக இருந்தது. அந்த மனிதர் ஏன் அவ்வளவு சுருக்கமாகப் பதில் சொன்னார் என்பது அன்றைக்குத்தான் விளங்கியது.

சனிக்கிழமை இருவருக்கும் வேலை. பன்னிரண்டரைக்கு அண்ணை கோட்டைப் போட்டார், எல்லாப் பொத்தானும் பூட்டினார். ஜூலி வாசலில் நின்றாள். நான் தட்டோடு அவளுக்குப் பின்னால் நின்றேன். கிழவி நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள். நாலு நாளில் முகம் உள்ளே போயிருந்தது. அண்ணை எதிரே உட்கார்ந்து தாள்களை விரித்து, முதலிலிருந்து கடைசிவரை வாசித்தார். தமிழில் எழுதியதை ஜெர்மனில் சொன்னார். இடையில் சொல் வராமல் நின்றார், கிழவி சொல்லிக் கொடுத்தாள். பிறகு தாள்களை மடித்தார். அவர் சொன்னதைப் பிற்பாடு என்னிடம் அப்படியே சொல்லியிருக்கிறார். உங்கள் தம்பி காய்ச்சலில் இறந்தார். ஒரு துண்டு பாண் அவரைக் காப்பாற்றியிராது.

பொய் சொன்னேனே, அவன் நம்பினானே என்று அவள் கேட்டாள்.

அண்ணை மடித்த தாள்களைத் திரும்ப விரித்து மடித்தார். ஜூலி என்னைப் பார்த்தாள். எனக்கு என்ன தெரியும்? கடைசியில், பசியில் ஒரு பிள்ளை சொன்ன பொய்யை இந்த அலுவலகம் விசாரிப்பதில்லை என்றார். எழும்பினார். முழங்கால் சத்தம் கேட்டது. குடையைக் கையில் எடுத்து, அவளைப் பார்த்துத் தலையாட்டி, அந்த வசனத்தைச் சொன்னார்.

"நீங்கள் போகலாம்."

கிழவி அழுவாள் என்று நினைத்தேன், அழவில்லை. தன் கோட்டைக் கேட்டாள். கோட்டைப் போட்டு, கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு, ஜன்னலோரமாக உட்கார்ந்து வாகனம் வருமென்று பார்த்துக்கொண்டிருந்தாள். நான் வைத்த தட்டை அவள் திரும்பியும் பார்க்கவில்லை. அதையும் சுழி என்றே எழுதினேன். ஜூலி முகத்தைத் திருப்பிக்கொண்டு போய்விட்டாள். அண்ணை கோட்டைக் கழற்றி மடித்து, குடையை என்னிடம் தந்துவிட்டு, மீதியிருந்த நாலு அறைகளைத் துடைக்கப் போனார். அன்றைக்குப் பஸ்ஸில் அண்ணைக்குப் பக்கத்தில் இருந்தேன். ஒரு கிழவியைக் கொன்றுவிட்டோம் என்றுதான் எனக்குப் பட்டது. அவருக்கும் அப்படித்தான் இருந்திருக்கும், இரண்டு கையையும் முழங்காலில் வைத்தபடியே வந்தார்.

ஞாயிறு காலை எட்டு மணிக்குத் தட்டோடு போனேன். கஞ்சி, ஒரு துண்டு பாண், ஜாம். அண்ணை கோயிலுக்குப் போகாமல் வேலைக்கு வந்திருந்தார். அவள் அறையைத்தான் துடைத்துக்கொண்டிருந்தார். கோட்டும் இல்லை, குடையும் இல்லை. நீலச் சீருடை, நெஞ்சில் இலக்க அட்டை, கையில் துடைப்பம். கிழவி கைப்பையை மடியில் வைத்தபடி ஜன்னலோரமாக இருந்தாள். கட்டிலுக்குக் கீழே துடைக்க அவர் குனிந்தபோது, அவர் மூச்சுப் பிடித்து நின்றபோது, அவள் அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஆளை அடையாளம் தெரியவில்லை. அவருடைய அட்டையைப் பார்த்தாள், வாளியைப் பார்த்தாள். மெல்லிய குரலில் ஏதோ கேட்டாள். துடைப்பம் நின்றது. அண்ணை ஏதோ சொன்னார்.

என்ன சொல்கிறாள் என்று கேட்டேன்.

"உங்களை இன்னும் சிறையால விடேல்லையோ எண்டு கேக்கிறா."

"நீங்கள் என்ன சொன்னனீங்கள்?"

"இன்னும் இல்லை எண்டன்."

கிழவி என்னைக் கைகாட்டிக் கூப்பிட்டாள். தட்டை அவள் முன்னால் வைத்தேன். பாண் துண்டை எடுத்து இரண்டாகப் பிய்த்தாள். சமமாகப் பிய்யவில்லை. இரண்டையும் ஒருக்கால் பார்த்தாள். பெரிய துண்டை மேசைக்கு மேலால் அண்ணையின் பக்கம் தள்ளிவிட்டு, சின்னத் துண்டைத் தன் வாயில் வைத்தாள்.

அண்ணை துடைப்பத்தைச் சுவரில் சாத்திவிட்டு எதிர்க் கதிரையில் உட்கார்ந்தார். முழங்கால் நோவில் முகம் சுளித்தது. பிறகு அந்தப் பாணைக் கையில் எடுத்தார். இரண்டு பேரும் ஆறுதலாகச் சாப்பிட்டார்கள். இங்கே குடியிருப்பவர்களின் சாப்பாட்டை வேலையாட்கள் தொடக்கூடாது, கண்டால் அறிவிக்க வேண்டும் என்று சமையலறைச் சுவரில் பெரிதாக ஒட்டியிருக்கிறது. நான் தாளை எடுத்து, மிசிஸ் கிறூபரின் பெயருக்கு நேரே நூறு என்று எழுதினேன்.